வெளிப்பெட்டி காற்றை உள்ளே அனுப்புகிறதா? ஸ்பிளிட் ஏசி இழை

கேள்வி:
"ஸ்பிளிட் ஏசியின் வெளிப்பெட்டி வெளிக்காற்றை இழுத்துக் குளிரவைத்து, அந்த இரண்டு குழாய் வழியாக அறைக்குள் அனுப்புகிறது. அதனால் ஏசி அறையில் எப்போதும் புதுக்காற்றுதான். ஜன்னலைத் திறக்க வேண்டிய அவசியமே இல்லை. நான் சொல்வது சரிதானே?"

6 ஏப்ரல், இரவு 9.50

இல்லை. அந்தக் குழாய்களில் காற்றே போவதில்லை. இரண்டில் தடித்ததே விரல் பருமன்தான். அதன் வழியாக ஓர் அறைக்குப் போதுமான காற்றை ஊத வேண்டுமென்றால், வருகிற விசில் சத்தத்தில் வீட்டில் ஒருவரும் தூங்க முடியாது.

அறைக்காற்று அறைக்குள்ளேயே சுற்றுகிறது. இண்டோர், அதாவது அறைச்சுவரில் மாட்டிய பெட்டி, மேல்பக்கம் இழுக்கும், கீழ்ப்பக்கம் விடும். வெளியே இருக்கும் விசிறி வெளிக்காற்றை வெளியிலேயே சுற்றவிடும். இரண்டு காற்றும் ஒன்றின் முகத்தை ஒன்று பார்ப்பதே கிடையாது.

ஜன்னல் விஷயத்துக்கு அப்புறம் வருகிறேன். அது தனிக் கதை.

6 ஏப்ரல், இரவு 10.35

கேட்டவரைக் கிண்டல் செய்ய எனக்குத் தகுதி இல்லை. முப்பது வயது வரை நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். ஒருமுறை மெக்கானிக் நட்டைத் தளர்த்தியபோது புஸ்ஸென்று வந்ததைப் பார்த்து "வெளிக்காற்றுதானே?" என்றேன். அவர் பதில் சொல்லவில்லை. ஸ்பேனரைக் கீழே வைத்துவிட்டு என்னை ஒருமுறை பார்த்தார், அவ்வளவுதான்.

குழாயில் ஓடுவது கேஸ். ஊசி போடும் முன் கையில் ஸ்பிரிட் தடவினால் சில்லென்று இருக்குமே, அதை நினைத்துக்கொள்ளுங்கள். ஸ்பிரிட் ஆவியாவதற்கு வெப்பம் வேண்டும், அதை நம் தோலிலிருந்து எடுத்துக்கொள்கிறது. இண்டோருக்குள் இருக்கும் கூலிங் காயிலில் நாள் முழுக்க இதுதான் நடக்கிறது. ஸ்பிரிட் பறந்து போய்விடும். ஏசி பறந்ததைப் பிடித்து, மறுபடி திரவமாக்கி, மறுபடி தடவுகிறது.

பறந்ததை எப்படிப் பிடிப்பது? இங்கேதான் பிரஷர் குக்கர் வருகிறது. அழுத்தம் கூடினால் கொதிநிலை ஏறும். குக்கருக்குள் தண்ணீர் ஏறக்குறைய 120 டிகிரியில் கொதிக்கிறது, உயர்ந்த மலைமேல் 100ஐத் தொடும் முன்பே கொதித்துவிடுகிறது. கேஸுக்கும் அதே விதிதான். இப்போது நிறைய வீட்டு ஏசிகளில் இருக்கும் ஆர்-32ஐத் திறந்தவெளியில் விட்டால் மைனஸ் 52 டிகிரி அளவில் கொதிக்கும். கூலிங் காயிலில் இருக்கும் அழுத்தத்தில் 8, 10 டிகிரியில் கொதிக்கிறது. கம்ப்ரஸர் அதையே நன்றாக அழுத்திவிட்டால் 45, 50 டிகிரியில்கூடத் திரவமாகிவிடும்.

ஆக, உள்ளே 27 டிகிரி அறைக்கு முன்னால் 10 டிகிரி காயில். வெளியே 35 டிகிரி வெயிலுக்கு முன்னால் 50 டிகிரி காயில். வெப்பம் சூடான பக்கத்திலிருந்து குளிர்ந்த பக்கத்துக்குத்தான் ஓடும், அந்த விதியை யாராலும் மாற்ற முடியாது. ஏசி இரண்டு இடத்திலும் வெப்பம் தானாக இறங்கி ஓடும்படி பள்ளம் வெட்டிக் கொடுக்கிறது. வெட்டுவதற்கான கூலிதான் நாம் கட்டும் மின்கட்டணம்.

வரிசை இப்படி: கம்ப்ரஸர் ஆவியை அழுத்திச் சூடாக்கி விடுகிறது. அது வெளிப்பெட்டிக் காயிலில் வெப்பத்தை விட்டுவிட்டுத் திரவமாகிறது. கேபிலரி என்ற முடி போன்ற குழாயிலோ எக்ஸ்பான்ஷன் வால்விலோ நெருக்கிப் போகும்போது அழுத்தம் சட்டென்று விழுகிறது, கூடவே வெப்பநிலையும். பிறகு இண்டோர் காயில், அங்கே கொதித்து ஆவியாகி, திரும்பக் கம்ப்ரஸர். தடித்த குழாய் குளிர்ந்த ஆவியைக் கொண்டுபோவது. மெல்லிய குழாய் வெதுவெதுப்பான திரவத்தை உள்ளே கொண்டுவருவது.

எங்கள் ஏசியை இந்த மாதக் கடைசியில் வேறு அறைக்கு மாற்றப் போகிறோம். அதனால் என் மண்டைக்குள் இதுவே ஓடிக்கொண்டிருக்கிறது. இழை நீண்டால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

7 ஏப்ரல், காலை 6.20

மெல்லிய குழாயில் வெதுவெதுப்பான திரவம் என்று நேற்றிரவு எழுதியது தவறு. எழுந்ததும் மொட்டைமாடிக்குப் போய், வால்வுக்குப் பக்கத்தில் இன்சுலேஷன் விலகியிருக்கும் இடத்தில் தொட்டுப் பார்த்தேன். மெல்லிய குழாயும் சில்லென்று வியர்த்துக்கொண்டிருக்கிறது.

காரணம் எளிது. வீட்டு ஸ்பிளிட்களில் பெரும்பாலும் கேபிலரியோ வால்வோ வெளிப்பெட்டியிலேயே இருக்கிறது. நெருக்கம், அழுத்த வீழ்ச்சி, குளிர்ச்சி எல்லாம் அங்கேயே முடிந்துவிடும். குளிர்ந்த திரவமும் கொஞ்சம் ஆவியும் கலந்ததுதான் மெல்லிய குழாயில் உள்ளே வருகிறது. வெதுவெதுப்பான திரவம் என்று நான் படித்தது, நெருக்கும் இடம் இண்டோர் பக்கம் இருக்கும் பெரிய அமைப்புகளுக்கு.

இதனால் ஒரு நடைமுறை விஷயம் வருகிறது. இரண்டு குழாய்க்கும் தனித்தனி இன்சுலேஷன் வேண்டும். "தடித்ததுக்கு மட்டும் போதும் சார்" என்று சொன்னவரை நான் நம்பியிருக்கிறேன். சுவரில் ஒரு நீளமான ஈரக்கோடு விழுந்தது. ஒரு வருடம் முழுக்க அதைக் குளியலறைக் குழாய்க் கசிவு என்று நினைத்து, பிளம்பரைத் திட்டிக்கொண்டிருந்தேன்.

7 ஏப்ரல், மதியம் 1.15

"அப்படியானால் ஃப்ரிட்ஜ் கதவைத் திறந்து வைத்தால் சமையலறை குளிருமா?"

குளிராது, இன்னும் சூடாகும். ஃப்ரிட்ஜின் முன்பக்கமும் பின்பக்கமும் ஒரே அறையில் இருக்கின்றன. இந்தக் கையில் எடுத்து அந்தக் கையில் அதே அறைக்குள் கொட்டும். மோட்டார் தின்ற மின்சாரமும் வெப்பமாகி அதோடு சேரும். ஏசியின் சாமர்த்தியம் முழுவதும் சுவரில் போட்ட அந்த ஓட்டையில்தான் இருக்கிறது.

ஹீட்டரோடு ஒப்பிட்டால் ஏசியின் கணக்கு விசித்திரமாக இருக்கும். ஒன்றரை கிலோவாட் மின்சாரம் தின்று 5 கிலோவாட் வெப்பத்தை வெளியேற்றும். வெளிப்பெட்டி முன்னால் நின்றால் அந்த இரண்டும் சேர்ந்த ஆறரை கிலோவாட் முகத்தில் அடிக்கும். ஒன்றுக்கு மூன்று என்றதும் ஏதோ ஏமாற்று என்று என் நண்பன் சண்டைக்கே வந்துவிட்டான். மின்சாரம் குளிராக மாறுவதாக நினைத்தால்தான் அது ஏமாற்று. மூட்டை தூக்குபவர் சாப்பிட்ட சாப்பாட்டைவிட மூட்டையின் எடை அதிகமாக இருப்பதில் யாருக்கும் ஆச்சரியம் இல்லையே.

7 ஏப்ரல், இரவு 8.05

டன். இதைக் கேட்காத ஆளில்லை. ஒன்றரை டன் ஏசியைச் சுவரில் மாட்டினால் சுவர் தாங்குமா என்று அம்மா உண்மையாகவே கவலைப்பட்டார். "1,500 கிலோவை இரண்டு பையன்கள் எப்படிடா மாடிக்குத் தூக்கிப் போனார்கள்?"

இயந்திரங்கள் வரும் முன் குளிர் என்றால் பனிக்கட்டிதான். ஏரிகளில் உறைந்ததை வெட்டி விற்கும் வியாபாரமே இருந்தது. அதனால் இயந்திரம் வந்தபோது அதன் பலத்தையும் பனிக்கட்டியில் அளந்தார்கள். 2,000 பவுண்டு, அதாவது 907 கிலோ பனிக்கட்டி 24 மணி நேரத்தில் உருகினால் எவ்வளவு வெப்பத்தை உறிஞ்சுமோ, அந்த வேகத்துக்குப் பெயர் ஒரு டன். பழைய ஆங்கில வெப்ப அலகான பிடியூவில் மணிக்கு 12,000. இன்றைய அளவில் ஏறக்குறைய மூன்றரை கிலோவாட். குதிரை போய்விட்டது, மோட்டாரில் குதிரைத்திறன் மட்டும் தங்கிவிட்டதே, அதே மாதிரி.

சும்மா உட்கார்ந்திருக்கும் ஒருவர் சுமார் 100 வாட் வெப்பம் விடுகிறார். ஒன்றரை டன் என்பது 5 கிலோவாட்டுக்குக் கொஞ்சம் மேலே. அப்படியானால் ஐம்பது பேர் உட்காரலாம் என்று கணக்குப் போடாதீர்கள். கூரையும் மேற்குச் சுவரும் ஜன்னல் கண்ணாடியும் அதில் பெரும்பகுதியை முதலிலேயே தின்றுவிடும்.

9 ஏப்ரல், இரவு 11.10

தண்ணீரைப் பற்றி யாரும் கேட்கவில்லை, எனக்குத்தான் எழுத வேண்டும் போலிருக்கிறது. ஏசி வெப்பத்தை மட்டும் வெளியேற்றுவதில்லை, காற்றிலுள்ள ஈரத்தையும் பிழிகிறது. 26 டிகிரியில் 60 சதவீத ஈரப்பதம் உள்ள காற்றை 17, 18 டிகிரிக்குக் குளிர்வித்தாலே நீர் கோத்துக்கொள்ளும். கூலிங் காயில் அதற்கும் கீழே இருக்கிறது. குளிர்ந்த பாட்டிலின் வெளிப்பக்கம் வியர்க்குமே, அதுதான்.

போன வாரம் டிரெயின் பைப்புக்கு அடியில் வாளி வைத்து அளந்தேன். மனைவி கேட்ட கேள்விகளை இங்கே எழுத முடியாது. ஒரு மணி நேரத்தில் சுமார் ஒரு லிட்டர். ஒரு லிட்டர் நீராவியைத் தண்ணீராக்க ஏறக்குறைய 2,450 கிலோஜூல் எடுக்க வேண்டும். மணிக்கு ஒரு லிட்டர் என்றால் அது கிட்டத்தட்ட 700 வாட். டன் பற்றி எழுதியபோது இதை விட்டுவிட்டேன். 5 கிலோவாட்டும் தெர்மாமீட்டரைக் கீழே இறக்குவதற்குப் போவதில்லை, ஒரு பங்கு இந்த வாளிக்குள் போகிறது. மழைக்காலத்தில் அந்தப் பங்கு இன்னும் பெரிது.

நவீன ஏசியின் தொடக்கமே வியர்வையைவிடத் தாளோடு சம்பந்தப்பட்டது. 1902இல் புரூக்ளினில் ஓர் அச்சகத்தில் ஈரத்தால் தாள் உப்பிச் சுருங்கி, வண்ணங்கள் ஒன்றின்மேல் ஒன்று சரியாக விழவில்லை. காற்றின் ஈரத்தை அடக்கத்தான் வில்லிஸ் கேரியர் தன் அமைப்பை வடிவமைத்தார். மனிதர்களுக்குச் சுகமாக இருந்தது உபரி லாபம்.

இதிலும் நான் அடி வாங்கியிருக்கிறேன். பழைய வீட்டில் சிறிய அறைக்குப் பெரிதாகப் போட்டால் நல்லதுதானே என்று 2 டன் வாங்கினேன், கம்ப்ரஸர் வேகத்தை மாற்றும் இன்வெர்ட்டர் இல்லாதது. ஐந்து நிமிடத்தில் அறை குளிர்ந்துவிடும், கம்ப்ரஸர் நின்றுவிடும். ஈரத்தைப் பிழிய அதற்கு நேரமே கிடைக்காது. 23 டிகிரியில் போர்வை பிசுபிசுத்தது. குளிரவும் செய்தது, புழுங்கவும் செய்தது. இந்த இரண்டையும் ஒரே நேரத்தில் அனுபவிக்கப் பணம் கொடுத்தவன் நான்.

ரிமோட்டில் துளி படம் போட்ட டிரை மோடு இதற்குத்தான். பிளோயர் மெதுவாக ஓடும், காற்று காயிலில் நின்று நிதானமாகத் தண்ணீரை விடும். மழை நாளில் போட்டுப் பாருங்கள்.

9 ஏப்ரல், இரவு 11.25

வாளித் தண்ணீரைக் குடிக்கலாமா என்று ஒருவர். வேண்டாம். காய்ச்சி வடித்த நீர் மாதிரிதான், ஆனால் வடிந்து வந்த வழி தூசி படிந்த காயிலும் வழவழவென்று பாசி பிடித்த தட்டும். அதே வழவழப்புதான் டிரெயினை அடைத்து, இண்டோரிலிருந்து கட்டில்மேல் சொட்டவும் வைக்கிறது. சொட்டினால் கேஸ் போய்விட்டது என்று பயப்படும் முன், பைப் சரிவாக இருக்கிறதா, அடைத்திருக்கிறதா என்று பாருங்கள்.

12 ஏப்ரல், காலை 10.00

இப்போது என் மனக்குறை. நீளமாக வரும்.

கேஸ் தீர்ந்துபோவதில்லை. இதை வாசலில் எழுதி ஒட்டலாம். பெட்ரோல் மாதிரி எரிந்து செலவாகும் பொருள் இல்லை அது. மூடிய வளையத்தில் அதே கேஸ் பத்து, பதினைந்து வருடம் சுற்ற வேண்டும். குறைந்தது என்றால் ஒரே அர்த்தம்தான், எங்கோ ஓட்டை இருக்கிறது.

மூன்று வருடம் ஒவ்வொரு கோடைக்கும் "கேஸ் கம்மி சார்" என்று ஒருவர் வந்து நிரப்பிவிட்டுப் போனார். மூன்று முறையும் நான் நன்றி சொன்னேன். நான்காவது வருடம் வந்த வேறொருவர் கேஸைத் தொடவே இல்லை. சோப்பு நுரையைக் கரைத்து, இண்டோர் பின்னாலிருக்கும் ஃபிளேர் நட்டில் தடவினார். நுரை குமிழ் குமிழாக ஊதியது. குழாய் முனையைப் புனல் மாதிரி விரித்து, நட்டை இறுக்கி மூடும் இடம் அது. விரித்தபோது சின்ன விரிசல் விழுந்திருக்கிறது. முனையை வெட்டி, மறுபடி விரித்து மாட்டினார். அத்தோடு வருடாந்தரத் திருவிழா முடிந்தது.

கேஸ் குறைந்தால் காயிலில் ஐஸ் பிடிக்கும். நிறைய பேர் ஐஸைப் பார்த்து "ஏசி செமையாகக் குளிர்கிறது" என்று சந்தோஷப்படுகிறார்கள். கேஸ் குறைந்தால் உள்ளே அழுத்தம் குறையும், அழுத்தம் குறைந்தால் கொதிநிலை இறங்கும், பூஜ்யத்துக்குக் கீழே போனால் பிழிந்த தண்ணீர் காயிலிலேயே உறையும். ஐஸ் காற்றை மறைக்கும். கடைசியில் ஒரு மூலையில் பனி, அறையில் புழுக்கம்.

வேக்யூம். புதிதாக மாட்டும்போது குழாய்க்குள் சாதாரணக் காற்றும் அதன் ஈரமும் இருக்கும். அதை வேக்யூம் பம்ப் போட்டு உறிஞ்சி எடுத்த பிறகுதான் வால்வைத் திறக்க வேண்டும். அவசரக்காரர்கள் கொஞ்சம் கேஸைத் திறந்துவிட்டு, அது உள்ளிருக்கும் காற்றைத் தள்ளிவிடும் என்பார்கள். எல்லாவற்றையும் தள்ளாது. மிச்சக் காற்று திரவமாகவும் மறுக்கும், வெளியேறவும் மறுக்கும், வெளிக்காயிலில் இடத்தை அடைத்துக்கொண்டு அழுத்தத்தை ஏற்றிவிடும். ஈரம் கம்ப்ரஸர் ஆயிலோடு சேர்ந்து அமிலத்துக்கு வழிவிடும். இதன் விலை முதல் மாதத்தில் தெரியாது, கம்ப்ரஸர் போகும்போது தெரியும். அதற்குள் மாட்டியவரின் போன் நம்பரும் மாறியிருக்கும்.

12 ஏப்ரல், காலை 10.40

மீட்டரில் அழுத்தம் பார்த்தே எல்லாவற்றையும் சொல்லிவிடலாம் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். ஆர்-22 என்ற பழைய கேஸ் ஓடும் ஏசியில் 70 பிஎஸ்ஐக்கு (அழுத்தத்தின் அலகு) பக்கத்தில் இருந்தால் சரி. அதே பழக்கத்தில், அதற்குப் பின் வந்த ஆர்-410ஏ கேஸ் ஏசியைப் பார்த்தால் தலை சுற்றும், அங்கே 120ஐ ஒட்டி இருந்தால்தான் சரி. இன்வெர்ட்டரில் கம்ப்ரஸர் வேகம் மாற மாற முள்ளும் மாறும். பெட்டியின் மேல் ஒட்டியிருக்கும் அட்டையில் எத்தனை கிராம் கேஸ் என்று அச்சடித்திருப்பார்கள். இருப்பதை எடுத்துவிட்டு, வேக்யூம் போட்டு, தராசில் வைத்து அந்த எடையை ஏற்றுவதுதான் நிம்மதி.

12 ஏப்ரல், இரவு 9.30

காலையில் எழுதியதைப் படித்துவிட்டு என் தம்பி கூப்பிட்டான். "ஐஸ் பிடித்தால் கேஸ்தான் என்கிறாயே, என் வீட்டில் என்ன ஆயிற்று என்று எழுதினாயா?"

எழுதவில்லை. எழுதுகிறேன். அவன் வீட்டில் ஐஸ் பிடித்தபோது பெரிய மேதாவியாக "ஃபிளேர் நட், லீக்" என்று நான் தீர்ப்புச் சொன்னேன். மெக்கானிக் வந்து முன்மூடியைத் திறந்து ஃபில்டரை உருவினார். கம்பளி மாதிரி இருந்தது. காற்று போகவே வழியில்லை, அதனால் காயிலுக்கு வெப்பம் வந்து சேரவில்லை, உறைந்துவிட்டது. ஃபில்டரைக் குழாயில் காட்டிக் கழுவி மாட்டினார், சரியாகிவிட்டது. கேஸ் குறைந்தாலும் ஐஸ், காற்று குறைந்தாலும் ஐஸ். முதலில் ஃபில்டரைப் பாருங்கள். அதற்கு ஆள் வேண்டியதில்லை.

15 ஏப்ரல், மாலை 6.45

16 டிகிரி வைத்தால் சீக்கிரம் குளிருமா?

பழைய வகை ஏசியில் கம்ப்ரஸருக்கு இரண்டே நிலை, ஓடும் அல்லது நிற்கும். 24 வைத்தாலும் 16 வைத்தாலும் அது ஒரே வேகத்தில்தான் ஓடும். ரிமோட் எண் எப்போது நிற்க வேண்டும் என்று சொல்கிறதே தவிர, எவ்வளவு வேகமாக ஓட வேண்டும் என்று சொல்லவில்லை. லிஃப்ட் பட்டனைப் பத்து முறை அழுத்துவது போல.

ரிமோட்டில் 24 என்பது உங்கள் தலையணையில் 24 என்றும் அர்த்தம் இல்லை. வெப்பநிலை உணரும் சென்சார் பெரும்பாலும் இண்டோர் காற்று இழுக்கும் இடத்தில், கூரையை ஒட்டி இருக்கிறது. அங்கே எப்போதும் கொஞ்சம் சூடு. கட்டிலில் படுத்தவர் நடுங்குவார், ஏசி இன்னும் போதவில்லை என்று ஓடிக்கொண்டிருக்கும்.

15 ஏப்ரல், இரவு 7.30

இன்வெர்ட்டர் ஏசிக்கு மேலே சொன்னது முழுக்கப் பொருந்தாது, திருத்திக்கொள்கிறேன். முதலில் பெயர்க் குழப்பம். கரண்ட் போனால் பேட்டரியில் ஃபேன் ஓட்டும் இன்வெர்ட்டருக்கும் இதற்கும் ஒரே தத்துவம்தான், வேலை வேறு. இன்வெர்ட்டர் ஏசி வாங்கினால் கரண்ட் இல்லாதபோதும் ஓடும் என்று நம்பி வாங்கியவரை எனக்குத் தெரியும். பாவம், மூன்று மணி நேரம் ரிமோட்டை அழுத்திக்கொண்டிருந்தார்.

சுவரிலிருந்து வரும் மின்சாரம் விநாடிக்கு 50 அல்லது 60 முறை முன்னும் பின்னுமாகப் போய்வரும். பழைய கம்ப்ரஸர் மோட்டாரின் வேகம் அந்த எண்ணோடு கட்டிப்போடப்பட்டது. இன்வெர்ட்டர் போர்டு அதை முதலில் நேர்மின்சாரமாக்கி, பிறகு தனக்கு வேண்டிய எண்ணிக்கையில் திரும்ப வெட்டி மோட்டாருக்குக் கொடுக்கிறது. எண்ணிக்கையை மாற்றினால் வேகம் மாறும். வீட்டு ஏசிக்கு இதை முதலில் கொண்டுவந்தது தோஷிபா, 1981இல்.

அறை சூடாக இருக்கும்போது முழு வேகம், குளிர்ந்ததும் மெதுவான நடை. ஆகவே 24க்குப் பதில் 16 வைத்தால், 24ஐ நெருங்கும்போது வேகம் குறையாமல் இழுக்கும். அந்த அளவுக்குக் கொஞ்சம் முன்னால் போகலாம். அறை 34இல் இருக்கும்போது எப்படியும் முழு வேகம்தான், அங்கே லாபம் எதுவும் இல்லை.

இன்வெர்ட்டரில் மின்சார மிச்சம் எங்கிருந்து வருகிறது என்பதை நான் தாமதமாகத்தான் புரிந்துகொண்டேன். நின்று நின்று ஓடும் நஷ்டம் குறைவது ஒரு பக்கம். இன்னொரு பக்கம், மெதுவாக ஓடும்போது கொஞ்சம் கேஸுக்கு முழுக் காயிலும் கிடைக்கிறது. சின்னக் கூட்டத்துக்குப் பெரிய மண்டபம். உள்காயில் அவ்வளவு குளிர வேண்டாம், வெளிக்காயில் அவ்வளவு சூடாக வேண்டாம், பள்ளம் ஆழமாக வெட்ட வேண்டாம். கூலியும் குறைகிறது.

15 ஏப்ரல், இரவு 7.35

ஆஃப் செய்து உடனே ஆன் செய்தால் மூன்று நிமிடம் பேசாமல் இருக்கிறதே, அது பழுதில்லை. நிறுத்தியதும் ஒரு பக்கம் உயர் அழுத்தம், மறுபக்கம் தாழ்வு. இரண்டும் கேபிலரி வழியாகச் சமமாக வேண்டும். அதற்குள் கிளப்பினால் கம்ப்ரஸர் திணறும், அதனால் போர்டு காத்திருக்க வைக்கிறது.

19 ஏப்ரல், காலை 7.10

வெளிப்பெட்டியை எங்கே வைப்பது என்று புது அறைக்காக இரண்டு நாளாகச் சண்டை. வீட்டில் எல்லோருக்கும் அது கண்ணில் படாத சந்துக்குள் போக வேண்டும். எனக்கு அது மூச்சுவிட வேண்டும். ஏசியின் திறனை வெளியே 35 டிகிரி, உள்ளே 27 டிகிரி என்ற நிலையில் அளந்துதான் அட்டையில் போடுகிறார்கள். சந்துக்குள் வைத்தால் தான் விட்ட சூட்டையே திரும்ப இழுக்கும். வெளியே 36ஆக இருந்தாலும் பெட்டிக்கு அது 46. பள்ளம் இன்னும் ஆழம், கூலி இன்னும் அதிகம், குளிர்ச்சி குறைவு. அழகுக்காகச் சுற்றிலும் தகரக் கூண்டு கட்டுபவர்களும் இதையேதான் செய்கிறார்கள்.

தீர்ப்பு: பெட்டி திறந்த பக்கத்தில். கொடிக்கம்பி இடம் மாறுகிறது. நான் ஜெயித்தேன், ஆனால் துணி காயப்போடுவது இனி என் வேலை.

21 ஏப்ரல், காலை 6.50

ஜன்னல். ஆரம்பத்தில் கேட்டவருக்கு நான் பாக்கி வைத்தது.

சாதாரண ஸ்பிளிட்டில் வெளிக்காற்று வரவே வராது என்று முதல் நாளே எழுதினேன். அப்படியானால் நாம் விட்ட மூச்சு எங்கே போகிறது? கதவிடுக்கில் கசிவது தவிர எங்கும் போவதில்லை. கார்பன் டை ஆக்சைடு மீட்டர் ஒன்றை இரவல் வாங்கிப் படுக்கையறையில் வைத்தேன். வெளியே 420 பிபிஎம் (பத்து லட்சத்தில் இத்தனை பங்கு) அளவில் காட்டியது. இரண்டு பேர் கதவு ஜன்னல் சாத்திப் படுத்து எழுந்ததும் 2,300. காலையில் தலை கனப்பதற்கு வேறு என்னென்னவோ காரணம் சொல்லிக்கொண்டிருந்தேன். இப்போது படுக்கும் முன் பத்து நிமிடம் ஜன்னலைத் திறக்கிறோம், இரவில் கதவை ஒரு விரற்கடை திறந்து வைக்கிறோம். கொஞ்சம் குளிர்ச்சி போகும், போகட்டும்.

21 ஏப்ரல், இரவு 10.15

கேஸ் பெயர்கள் குழப்புவதாகச் சொன்னவருக்குச் சுருக்கமாக. ஆர்-22 ஓசோனை அரிப்பது, 1987 மான்ட்ரியல் ஒப்பந்தத்தின் கீழ் விடைபெறுவது. அதன் இடத்துக்கு வந்த ஆர்-410ஏ, ஆர்-32உம் ஆர்-125உம் எடையில் சரிபாதி கலந்தது. ஓசோனைத் தொடாது, ஆனால் பூமியைச் சூடாக்குவதில் கார்பன் டை ஆக்சைடைவிட இரண்டாயிரம் மடங்குக்கு மேல். ஆர்-32 மட்டும் என்றால் அது 675 மடங்கு. அதே ஒப்பந்தத்தின் 2016 கிகாலி திருத்தம் இந்த வகைக் கேஸ்களையும் படிப்படியாகக் குறைக்கச் சொல்கிறது. ஆர்-290 என்பது வேறொன்றும் இல்லை, புரோப்பேன், சூடாக்கும் பங்கு மிகச் சிறிது. ஆனால் நன்றாக எரியும். ஆர்-32உம் லேசாக எரியும் வகைதான். ஒன்றுக்கு வடிவமைத்த பெட்டியில் இன்னொன்றை ஏற்றக் கூடாது. அழுத்தமும் ஆயிலும் பாதுகாப்பும் எல்லாமே வேறு.

27 ஏப்ரல், மதியம் 12.20

மாற்றும் வேலை நடக்கிறது. பம்ப் டவுன் பார்த்தேன். ஏசியை ஓடவிட்டு மெல்லிய குழாயின் வால்வை மூடினார். கம்ப்ரஸர் இண்டோரிலிருந்தும் குழாயிலிருந்தும் கேஸை உறிஞ்சி வெளிப்பெட்டிக்குள் சேர்த்தது. மீட்டர் முள் பூஜ்யத்துக்கு வந்ததும் தடித்த குழாயின் வால்வையும் மூடி, உடனே ஆஃப். கேஸ் முழுவதும் பெட்டிக்குள் பத்திரம். நட்டைக் கழற்றியபோது புஸ்ஸென்று பெரிதாக எதுவும் வரவில்லை. இந்த முறை நான் வாயைத் திறக்கவில்லை.

27 ஏப்ரல், மாலை 5.40

"வேக்யூம் போடணுமா சார், பழைய ஏசிதானே?" என்றார். போட வேண்டும் என்றேன். பம்ப் கீழே வண்டியில் இருக்கிறது என்றார். நானே இறங்கிப் போய்த் தூக்கி வந்தேன். ஒன்றரை டன் இருக்கும்.

இப்போது அது ஓடிக்கொண்டிருக்கிறது. முப்பது நிமிடம் ஓடட்டும், நிறுத்தி முள் ஏறுகிறதா என்று கால் மணி நேரம் பார்ப்போம் என்று பேசி வைத்திருக்கிறோம். அவர் டீ குடிக்கப் போயிருக்கிறார். நான் முள்ளைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

27 ஏப்ரல், மாலை 6.35

முள் அசையவில்லை. வால்வைத் திறந்தாயிற்று. குழாய் இரண்டும் வியர்க்க ஆரம்பித்துவிட்டன, அதாவது இன்சுலேஷன் வராத அந்த இரண்டு அங்குலம் மட்டும். டேப் வாங்கப் போகிறேன்.